இரவல் கொடுத்த மனம்

ஹிப்னாடிசம் என்னும் கலைக்குத் தமிழில் இரண்டு பெயர்கள் வழங்குகின்றன. ஒன்று மனோவசியம், மற்றொன்று அறிதுயில். இரண்டும் ஒரே பொருளைச் சுட்டுவதாகத் தோன்றினாலும், அவற்றின் பின்னே நிற்கும் பார்வைகள் நேர் எதிரானவை. வசியம் என்பது ஒருவர் மற்றொருவரைத் தம் பிடிக்குள் கொண்டுவருதல். அங்கே ஆற்றல் முழுவதும் வசியம் செய்பவரிடமே உள்ளது. வசப்பட்டவர் வெறும் பொம்மை. அறிதுயில் என்பதோ, பாம்பணையில் பள்ளிகொண்ட திருமாலின் நிலையைக் குறிக்கப் பழந்தமிழ் நூல்கள் ஆண்ட சொல். உறக்கம் போலத் தோன்றினும் அறிவு நீங்காத நிலை அது.

இவ்விரு சொற்களுள் எது உண்மைக்கு நெருக்கமானது? இது சொல்லாராய்ச்சி மட்டுமன்று. ஒருவர் தம் மனத்தைச் சிறிது நேரம் மற்றொருவர் கையில் ஒப்படைக்கிறார் என்றால், பெற்றுக்கொண்டவருக்கு உள்ள கடமை என்ன என்ற அறவியல் வினாவும் இதற்குள் அடங்கியிருக்கிறது.

இடுக்கி மாவட்டத்தின் கிழக்கு எல்லையில் உள்ள வண்டன்மேடு, ஏலக்காய்க்குப் பெயர்பெற்ற ஊர். கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து விடியற்காலையில் ஜீப்புகளில் மலையேறி, மாலையில் இறங்கிச் செல்லும் தமிழ்த் தொழிலாளர்கள், தலைமுறைகளாக அங்கேயே தங்கிவிட்ட தமிழ்க் குடும்பங்கள், சமவெளியிலிருந்து குடியேறிய மலையாள விவசாயிகள் ஆகிய பலரும் கலந்து வாழும் மலை அது. இத்தகைய ஊர் ஒன்றில், ஒரு திருவிழா மேடையைக் கற்பனை செய்து பார்க்கலாம். வித்தைக்காரர் ஓர் இளந்தொழிலாளியை மேடைக்கு அழைக்கிறார். 'உறங்கு' என்கிறார். இளைஞன் பச்சை வெங்காயத்தை ஆப்பிள் என்று கடித்துச் சுவைக்கிறான், குழந்தைபோல் அழுகிறான், இல்லாத பாம்பைக் கண்டு துள்ளுகிறான். கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கிறது. மறுநாள் காலை, அதே வித்தைக்காரர் தங்கியிருக்கும் விடுதி வாசலில் ஒரு தாய் காத்து நிற்கிறாள். 'ஐயா, வெங்காயத்தை ஆப்பிளாக்கிய நீங்கள், என் மகனுக்குச் சாராயத்தை விஷமாக்கிக் காட்டக் கூடாதா?' என்று அவள் கேட்டால், என்ன விடை கூறுவது?

அந்தத் தாயின் வேண்டுகோளில் அறியாமை இருக்கலாம். ஆனால் பொய் இல்லை. அவளுக்கு நேர்மையான விடை சொல்ல வேண்டுமானால், இந்தக் கலையின் வரலாற்றையும் இயல்பையும் சற்று ஆராய வேண்டும்.

ஆற்றல் எவரிடம் உள்ளது?

பதினெட்டாம் நூற்றாண்டில் வியன்னாவிலும் பின்னர்ப் பாரிஸிலும் மருத்துவம் செய்த பிரான்ஸ் மெஸ்மர், மருத்துவரின் உடலிலிருந்து ஒருவகைக் காந்த சக்தி பாய்ந்து நோயைத் தீர்க்கிறது என்று போதித்தார். 1784-ஆம் ஆண்டில் பிரெஞ்சு மன்னர் பதினாறாம் லூயி இதனை ஆராயக் குழு அமைத்தார். பெஞ்சமின் பிராங்க்ளினும் வேதியியல் அறிஞர் லவாய்சியரும் அக்குழுவில் இடம்பெற்றிருந்தனர். நோயாளிகளிடம் விளைவுகள் தோன்றுவது மெய்யே. ஆனால் காந்த சக்தி என்று ஒன்று இல்லை. விளைவுகள் நோயாளியின் கற்பனையால் நிகழ்பவை என்று குழு முடிவு செய்தது. காந்தம் பொய்யானதும் பலரும் அதோடு ஆய்வை விட்டுவிட்டனர். வெறும் கற்பனையால் இத்தனை விளைவுகள் எப்படி நிகழ்கின்றன என்ற வினா எஞ்சி நின்றது.

அவ்வினாவைக் கையிலெடுத்தவர் ஓர் இந்தியர் என்பது பலர் அறியாத செய்தி. கோவாவின் கண்டோலிம் கிராமத்தில் 1756-ஆம் ஆண்டில் பிறந்த ஹோசே குஸ்தோதியோ தெ ஃபாரியா என்னும் பாதிரியார், 1813-ஆம் ஆண்டு முதல் பாரிஸில் பொதுமக்கள் முன்னிலையில் செயல்விளக்கங்கள் நிகழ்த்தினார். துயிலச் செய்பவரிடமிருந்து எந்தச் சக்தியும் புறப்படுவதில்லை, நிகழ்வன அனைத்தும் துயில்பவரின் உள்ளத்திலிருந்தே எழுகின்றன என்பது அவர் கண்ட முடிவு. அதாவது, வித்தைக்காரர் விளக்கை ஏற்றுபவர் அல்லர். எண்ணெயும் திரியும் சுடரும் மற்றவரிடமே உள்ளன. 'திரியைத் தூண்டிக்கொள்' என்று சொல்வது மட்டுமே இவருடைய பங்கு. பின்னாளில் உளவியல் 'கருத்தேற்றம்' என்று பெயரிட்ட கொள்கையின் விதை இதுவே.

ஆனால் ஃபாரியாவின் முடிவு துயரமானது. அவருடைய கூட்டத்திற்கு வந்த நடிகர் ஒருவர் துயில்பவர்போல நடித்து, இடையில் கண்ணைத் திறந்து அவரை நகைப்புக்கு உள்ளாக்கினார். 1816-ஆம் ஆண்டில் அவரைக் கேலி செய்யும் நாடகமும் பாரிஸில் அரங்கேறியது. 1819-ஆம் ஆண்டில் அவர் வறுமையில் மறைந்தார். இன்று பனாஜியில் அவருடைய சிலை நிற்கிறது. உண்மையைக் காட்டுவதற்காக ஃபாரியா ஏறிய பொதுமேடையே அவ்வுண்மையைக் கேலிக்கூத்தாக்கிவிட்டது. வேடிக்கைக்கும் ஆய்வுக்கும் இடையே உள்ள உறவு தொடக்கத்திலிருந்தே இப்படிச் சிக்கலானது.

பின்னர் 1841-ஆம் ஆண்டில் மான்செஸ்டரில் இத்தகைய ஒரு மேடைக் காட்சியைக் கண்ட ஜேம்ஸ் பிரெய்டு என்ற அறுவை மருத்துவர், அதைத் தாமே ஆராய்ந்து, உறக்கம் என்னும் பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து ஹிப்னாடிசம் என்ற பெயரை உருவாக்கினார். அது உறக்கமே அன்று, ஒன்றில் குவிந்த கவனம் என்று பிற்பாடு உணர்ந்து, பெயரை மாற்றவும் விரும்பினார். பெயர் நிலைத்துவிட்டது. அறிதுயில் என்ற தமிழ்ச் சொல்லே அவர் தேடிய பொருளுக்கு நெருங்கி நிற்கிறது.

ஹூக்ளியில் நடந்தது

இக்கலை மருத்துவத்தில் பெரிய அளவில் பயன்பட்டதும் நம் நாட்டில்தான். வங்காளத்தின் ஹூக்ளி நகரில் பணியாற்றிய ஜேம்ஸ் எஸ்டெய்ல் என்ற ஸ்காட்லாந்து மருத்துவர், 1845-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில், வலியால் துடித்த ஒரு கைதியிடம் முதன்முறையாக இதனைச் சோதித்துப் பார்த்தார். மயக்க மருந்து இல்லாத காலம் அது. அறுவை என்றால் நால்வர் கைகால்களைப் பிடித்துக்கொள்ள, நோயாளி அலறுவதே வழக்கம். எஸ்டெய்லின் நோயாளிகள் பலர், பெரிய கட்டிகள் அகற்றப்பட்டபோதும் அசையாமல் கிடந்தனர். அரசு ஒரு குழுவை அமைத்து ஆராய்ந்தது. 1846-ஆம் ஆண்டின் இறுதியில் கல்கத்தாவில் இதற்கெனத் தனி மருத்துவமனையே திறக்கப்பட்டது. அதே ஆண்டில் ஈதரும், அடுத்த ஆண்டில் குளோரோஃபார்மும் அறுவைக்குப் பயன்படத் தொடங்கியதால், மணிக்கணக்கில் கைகளால் வருடித் துயிலச் செய்யும் இம்முறை மெல்ல வழக்கொழிந்தது.

எஸ்டெய்லின் பணியில் கருணை இருந்தது, அதில் ஐயமில்லை. ஆயினும் ஒரு குறையும் இருந்தது. அவருடைய முதல் நோயாளி ஒரு கைதி. மறுக்கும் நிலையில் இல்லாதவர். பின்னர் வந்த ஏழைகள் பலருக்கும் என்ன செய்யப்படுகிறது என்று விளக்கிக் கூறப்படவில்லை. அவர்கள் அறியாதிருந்ததே விளைவு உண்மையானது என்பதற்குச் சான்று என்று அவர் கருதினார். அக்காலத்து அறிவியலுக்கு அது சான்றாக இருக்கலாம். இக்காலத்து அறத்திற்கு அது ஒரு கடன். வலியைத் தீர்ப்பது நன்மையே என்றாலும், ஒருவருடைய மனத்துக்குள் நுழையும் முன் அவரிடம் கேட்பது அதற்கும் முந்திய கடமை.

மேடையின் இயக்கம்

வேடிக்கைக்குரிய மனோவசியம் எப்படி நடைபெறுகிறது? முதலில் கூட்டம் முழுவதற்கும் ஒரு சிறு சோதனை வைக்கப்படும். 'கைகளைக் கோத்துக்கொள்ளுங்கள், இனி அவற்றைப் பிரிக்க முடியாது' என்பது போன்ற சோதனை அது. எளிதில் வசப்படுபவர் யார் என்று அதிலேயே தெரிந்துவிடும். அறிதுயிலுக்கு மிக எளிதில் ஆட்படுபவர் நூற்றுக்குப் பத்துப் பதினைந்து பேரே. பெரும்பாலோர் நடுநிலையில் உள்ளவர்கள். மேடைக்காரருக்கு அந்தச் சிலரே போதும். ஏனையோரைப் புன்னகையுடன் கீழே அனுப்பிவிடுவார். எஞ்சியவர்கள்மீது விளக்கொளியும், ஊராரின் பார்வையும், நிகழ்ச்சியைக் கெடுத்துவிடக் கூடாதே என்ற கூச்சமும் சேர்ந்து அழுத்துகின்றன. மனோவசியம் என்று காணப்படுவதில் பாதி இந்த அழுத்தமே.

1965-ஆம் ஆண்டில் உளவியலாளர்களான மார்ட்டின் ஓர்னும் பிரடெரிக் எவான்ஸும் வெளியிட்ட ஆய்வு இங்குக் கருதத்தக்கது. நச்சுப் பாம்பைப் பிடிக்கவும், அமிலத்துக்குள் கைவிட்டு நாணயத்தை எடுக்கவும் சொன்னபோது, அறிதுயிலில் இருந்தவர்களும் இணங்கினர். அறிதுயிலில் இருப்பதாக நடிக்கச் சொல்லப்பட்டவர்களும் இணங்கினர். ஆய்வாளர்கள் தங்களுக்குத் தீங்கு நேரவிடமாட்டார்கள் என்று அவர்கள் நம்பியதே காரணம். ஆய்வாளர்களும் அவர்களைக் காக்க ஏற்பாடு செய்திருந்தனர். இதிலிருந்து விளங்குவது என்ன? ஒருவர் மற்றொருவரின் சொற்படி நடப்பதற்கு மாய சக்தி தேவையில்லை; நம்பிக்கை போதும். நம்பிக்கையே கருவி என்றால், அதை வேடிக்கைக்காகச் செலவிடுவது சிறிய செயலன்று.

கண்கட்டு வித்தையோடு இதை ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். கேரளத்து மாயாஜாலக் கலையின் தந்தை எனப் போற்றப்படும் வாழக்குன்னம் நீலகண்டன் நம்பூதிரி, செப்பும் பந்தும் என்னும் வித்தையில் பெயர்பெற்றவர். செப்படி வித்தை என்று தமிழ் வழங்குவதும் அதையே. அங்கே மக்கள் வியப்பது வித்தைக்காரரின் கைத்திறனை. ஏமாந்த கண்ணும் சிரிக்கிறது. எவருடைய மானமும் குறைவதில்லை. மேடை மனோவசியத்திலோ காட்சிப் பொருளாவது பக்கத்து வீட்டுக்காரரின் மனம். ஊர் சிரித்துவிட்டுக் கலைந்து போகும். அந்த இளைஞன் மறுநாள் அதே ஊரில் தலைநிமிர்ந்து வேலைக்குச் செல்ல வேண்டும். பிரிட்டன் 1952-ஆம் ஆண்டிலேயே இத்தகைய மேடை நிகழ்ச்சிகளை ஒழுங்குபடுத்தத் தனிச்சட்டம் இயற்றியது. பதினெட்டு வயது நிரம்பாதவரை மேடையில் அறிதுயிலுக்கு உட்படுத்துவதை அது இன்று தடை செய்கிறது. பள்ளி ஆண்டு விழாக்களில் சிறுவர்களை வைத்து இதைச் செய்விக்க எண்ணுவோர் அச்சட்டத்தின் உட்பொருளைச் சிந்திக்க வேண்டும்.

மருத்துவத்தின் எல்லை

இக்கலையைச் சிகிச்சையாகப் பிரிட்டிஷ் மருத்துவச் சங்கம் 1955-ஆம் ஆண்டிலும், அமெரிக்க மருத்துவச் சங்கம் 1958-ஆம் ஆண்டிலும் ஏற்றன. நம் நாட்டில் 2003-ஆம் ஆண்டில் மத்திய சுகாதார அமைச்சகம், உரிய பயிற்சி பெற்றவர்களே இதனைச் சிகிச்சையாகக் கையாள வேண்டும் என்று தெரிவித்தது. வலி, பல் மருத்துவத்தின்போது ஏற்படும் அச்சம், நாட்பட்ட குடல் எரிச்சல் நோய் போன்றவற்றில் இது துணைபுரிவதற்குச் சான்றுகள் உள்ளன. புகைப்பழக்கத்தை இது மற்ற முறைகளைவிட நன்கு விடுவிக்கிறது என்பதற்குப் போதிய சான்று இல்லை. குடிநோயை ஒரே அமர்வில் தீர்ப்பதாகச் சொல்வது ஆசைகாட்டலே.

கேரளத்துத் திருவல்லாவில் 1898-ஆம் ஆண்டில் பிறந்து, இலங்கையில் ஆசிரியராக வாழ்ந்த ஆபிரகாம் கோவூர் இவ்விடத்தில் நினைவுக்கு வருகிறார். யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியிலும் கற்பித்தவர் அவர். கடவுள் நம்பிக்கையும் ஆன்மிகமும் அவருக்கு உடன்பாடல்ல. ஆயினும் பேய் பிடித்தவர் என்று அழைத்து வரப்பட்ட பலரை அடிக்காமல், சூடு போடாமல், அவர்களுடைய துயரக் கதையைக் கேட்டு, அறிதுயிலால் ஆற்றுப்படுத்த முயன்றார். கொள்கையில் வேறுபடுவோரும் அந்தக் கேட்கும் பொறுமையை மதிக்கலாம். பேய் எனப்பட்டது பலமுறை சொல்ல வழியற்ற துயரமாகவே இருந்தது.

அறிதுயிலில் கிடைக்கும் நினைவுகளைப் பற்றி மிகுந்த எச்சரிக்கை தேவை. அந்நிலையில் நினைவும் கற்பனையும் எளிதில் கலந்துவிடும். அவ்வாறு கலந்ததை உண்மை என்றே அவர் உறுதியாக நம்பவும் செய்வார். அறிதுயிலால் மீட்டெடுக்கப்பட்ட நினைவு சாதாரண நினைவைவிட நம்பத்தகுந்ததன்று என்று அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் குழு 1985-ஆம் ஆண்டில் அறிவித்தது. இந்நிலையில் 2009-ஆம் ஆண்டில் நம் நாட்டு இந்தித் தொலைக்காட்சி ஒன்று, மக்களைப் படுக்க வைத்து முற்பிறவிக்கு அழைத்துச் செல்வதாகக் காட்டும் தொடரை ஒளிபரப்பியது. 'ராஸ் பிச்லே ஜனம் கா' என்பது அதன் பெயர். சிகிச்சையும் வேடிக்கையும் அங்கே ஒரே கட்டிலில் படுத்துக்கொண்டன.

மறுபிறவியை நம்புவோர் இதைக் கண்டு மகிழ வேண்டியதில்லை. மறுபிறவி ஒரு தத்துவம். அதற்கு ஆதாரம் சாஸ்திரமும் யுக்தியும். முற்பிறவி அறிவைப் பதஞ்சலி முனிவரும் கூறுகிறார். ஆனால் தன் சம்ஸ்காரங்களைத் தானே நேரில் காணும் யோகியின் சம்யமத்தால் விளைவது அது. பிறர் தூண்டும் வினாக்களுக்குப் படக்கருவியின் முன் பிறக்கும் விடைகளை அதனோடு ஒப்பிடுவது இரண்டையும் இழிவுபடுத்துவதாகும்.

சுவாமி விவேகானந்தரின் அளவுகோல்

நியூயார்க்கில் 1895-96-ஆம் ஆண்டுகளில் ஆற்றிய ராஜயோகச் சொற்பொழிவுகளில், பிரத்யாஹாரத்தை விளக்கும் இடத்தில், சுவாமி விவேகானந்தர் ஹிப்னாடிசத்தைப் பற்றி எச்சரிக்கிறார். இரண்டும் வெளிப்பார்வைக்கு ஒன்றுபோலத் தோன்றுகின்றன. இரண்டிலும் புலன்கள் அடங்குகின்றன. ஆனால் மிரண்டோடும் குதிரைகளைச் சாரதி கடிவாளத்தால் அடக்குவது வேறு. மற்றொருவர் வந்து அவற்றின் தலையில் அடித்து மயக்குவது வேறு என்பது அவர் கருத்து. பிறருடைய சித்தத்தால் ஒவ்வொரு முறை அடங்கும்போதும் ஒருவருடைய சித்தம் தன் வலிமையை இழக்கிறது என்றும், மக்கள் கூட்டத்தை உணர்ச்சிப் பெருக்கால் ஆட்டிவைக்கும் சமயப் பிரசாரகர்களும் இதற்கு விலக்கல்லர் என்றும் அவர் கருதினார்.

முறையாகச் செய்யப்படும் சிகிச்சை மனத்தை நிரந்தரமாகப் பலவீனப்படுத்துகிறது என்று இன்றைய ஆய்வுகள் காட்டவில்லை. அப்படியானால் சுவாமிஜியின் எச்சரிக்கை பொருளற்றதாகிவிட்டதா? இல்லை. அவர் தந்தது ஓர் அளவுகோல். ஒரு செயல் மனிதனைத் தன் காலில் நிற்கச் செய்கிறதா, பிறர் தோளில் சாயப் பழக்குகிறதா என்பதே அது. நல்ல மருத்துவர்கள் இன்று செய்வதும் அந்த அளவுகோலுக்கு ஒத்ததே. சில அமர்வுகளுக்குப் பின், நோயாளி வீட்டிலேயே தாமாகச் செய்துகொள்ளும் முறையைக் கற்பித்து, கடிவாளத்தை அவர் கையிலேயே கொடுத்துவிடுகிறார்கள். இரவல் வாங்கிய மனத்தை வலிமை கூட்டித் திருப்பித் தருகிறார்கள். சிகிச்சையின் பெயரில் ஆண்டுக்கணக்காகத் தம்மிடமே வரவழைப்பவரோ, வாங்கியதைத் திருப்பித் தராதவர்.

இந்த அளவுகோலை ஆன்மிகத் துறையும் தன்மேல் வைத்துப் பார்க்க வேண்டும். இளைஞர் நரேந்திரர் தட்சிணேஸ்வரத்தில் பகவான் ஸ்ரீராமகிருஷ்ணரின் தொடுகையால் தம்மை மறந்தபோது, 'இது மெஸ்மரிசமாக இருக்குமோ?' என்று ஐயுற்றார். அடுத்த முறை ஏமாறக் கூடாது என்று உறுதியும் பூண்டார். அந்த ஐயம் குரு நிந்தையாகக் கருதப்படவில்லை. தம்மைச் சோதித்துப் பார்த்து ஏற்கும்படி குருதேவரே சீடர்களைத் தூண்டினார். சோதனையை வரவேற்பவரிடம் மனத்தை ஒப்படைக்கலாம். சோதனையைக் கண்டு சினப்பவரிடம் அதை ஒப்படைப்பது அறிவுடைமை ஆகாது. அவர் மேடை வித்தைக்காரராயினும், மருத்துவராயினும், காவி உடுத்தவராயினும் நியதி ஒன்றே.

இசைவு என்னும் வாசல்

அரசுக்கும் இந்த எல்லை உண்டு என்று நம் உச்ச நீதிமன்றம் 2010-ஆம் ஆண்டு மே மாதத்தில் தீர்ப்பளித்தது. 'செல்வி எதிர் கர்நாடக மாநிலம்' என்ற அவ்வழக்கில், மருந்தால் ஒருவரை அரைமயக்கத்தில் ஆழ்த்தி உண்மையை வரவழைக்கும் நார்கோ சோதனையை, அவருடைய இசைவின்றிச் செய்வது அரசியலமைப்புக்கு முரணானது என்று தலைமை நீதிபதி கே. ஜி. பாலகிருஷ்ணன் தலைமையிலான அமர்வு கூறியது. கொடுங்குற்றம் சாட்டப்பட்டவரின் மனத்துக்குள்ளும் வாசலைத் தட்டாமல் நுழைய அரசுக்கு உரிமையில்லை. அப்படியிருக்க, சிரிப்புக்காகவோ கட்டணத்துக்காகவோ நுழைபவருக்கு எங்கிருந்து உரிமை வரும்?

மேடையில் ஏறச் சம்மதித்தவர், என்ன செய்யப்படுவார் என்று அறிந்தா சம்மதித்தார்? அறியாமல் தந்த இசைவு பாதி இசைவே. மகனுக்காகத் தாய் தரும் இசைவும் முழுமையானதன்று. மகனே விரும்பி வர வேண்டும். தனக்குத் தெரியாமலேயே தன் சாராயம் விஷமாக்கப்பட்ட மகன், அந்தக் கருத்தேற்றம் தேய்ந்ததும் மீண்டும் குடிப்பான். 'என்னால் முடியாது' என்ற எண்ணம் மட்டும் முன்னைவிட ஆழமாகப் பதிந்திருக்கும்.

எனவே அந்தத் தாய்க்குச் சொல்லத்தக்க விடை இது: குடி ஒரு நோய், அதற்கு வித்தை இல்லை, மருத்துவம் உண்டு. அரசு மருத்துவமனைகளின் மனநலப் பிரிவுகளும், மாவட்ட மனநலத் திட்டமும், 2022-ஆம் ஆண்டு முதல் 14416 என்ற எண்ணில் இயங்கும் டெலி மானஸ் தொலைபேசிச் சேவையும் அதற்காக உள்ளன. தமிழிலேயே பேசலாம். எவரேனும் அறிதுயில் சிகிச்சை தர முன்வந்தால், அவர் முறையாகப் பயின்ற மருத்துவரா உளவியலாளரா, என்ன செய்யப்போகிறார் என்பதை முன்னரே விளக்குகிறாரா, எத்தனை அமர்வுகளுக்குப் பின் தம் துணை தேவைப்படாது என்று சொல்கிறாரா என்று கேட்க வேண்டும். மூன்றுக்கும் தெளிவான விடை தருபவரை அணுகலாம்.

அதோடு மகனிடம் அவள் சொல்ல வேண்டியதும் ஒன்று உண்டு. மாற்றும் ஆற்றல் வெளியிலிருந்து வருவதன்று. 'உறங்கு' என்ற சொல்லுக்கு இணங்கிய அதே மனம், 'எழு' என்ற சொல்லுக்கும் இணங்கக்கூடியது. அச்சொல்லை அவன் தானே தனக்குச் சொல்லிக்கொள்ளும் நாள்வரை மருத்துவரும் குடும்பமும் அவனோடு நடக்கலாம். அவனுக்காக யாரும் நடக்க முடியாது.